செப்புத் தகட்டில் என் முகம்

போன கிழமை என் மகன் மூன்று நாள் காய்ச்சலில் கிடந்தான். நான்காம் நாள் எழும்பி நூடில்ஸ் கேட்டான். நான்தான் இன்னும் அவன் நெற்றியைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறேன். அந்த மூன்று நாளும், மருந்துக்கும் வெப்பமானிக்கும் இடையில், ஒரு செப்புத் தகடு நினைவில் வந்துகொண்டே இருந்தது.

எனக்கு அப்போது ஒன்பது வயது. யாழ்ப்பாணத்தை விட்டு வந்து, கிளென் வேவர்லியில் வாடகை வீட்டில் இருந்தோம். முதியோர் இல்லத்தில் வேலை முடிந்து அம்மா வரும்வரை, பள்ளிக்கூடம் விட்டதும் நான் பக்கத்து வீட்டு ரஷ்ய அன்ரியிடம் இருப்பேன். அவர் லெனின்கிராட்டில் இருபது வருடம் சிறுவர் புத்தகங்களுக்குப் படம் போட்டவர். இங்கே காலையில் அலுவலகங்களைத் துப்புரவாக்கினார். பின்னேரங்களில் கராஜில் படம் அச்சிட்டார். கார் நிற்க வேண்டிய இடத்தில் கப்பல் சுக்கான் போன்ற சக்கரத்தோடு ஓர் அச்சு இயந்திரம் நின்றது. சுவரெல்லாம் நீர்வர்ண ஓவியங்கள். யூகலிப்டஸ் மரங்களைக்கூடப் பனியில் நனைந்தவை போலத்தான் அவரால் தீட்ட முடிந்தது.

எனக்கு எல்லாவற்றையும் பார்க்க வேண்டும்; ஆனால் எதையும் தொடக்கூடாது. ஒருநாள் என்னைக் கதிரையில் இருத்திவிட்டு, கறுப்பு மெழுகு பூசிய செப்புத் தகட்டில் ஊசியால் என் முகத்தைக் கீறத் தொடங்கினார். மூன்று மாதம் கீறினார். பிறகு, கீறிய கோடுகள் செப்பில் பதிய, தகட்டைப் புகை எழும்பும் அமிலத்தில் அமிழ்த்தி, அதிலிருந்த என் கன்னத்தில் எழும்பிய குமிழிகளைக் கோழி இறகால் மெல்ல விலக்கினார். முகத்துக்குக் கீழே, அச்சில் நேராக விழுவதற்காக, இடம் வலமாகத் திரும்பிய ரஷ்ய எழுத்துகள். ஒரே ஒரு தாளை அச்சடித்துப் பார்த்து, சுவரில் குத்தி வைத்தார். இந்த நாட்டில் அவருடைய முதல் கண்காட்சி நகரத்தில் நடக்கவிருந்தது. அதற்காக அந்தத் தகட்டிலிருந்து இருபது தாள் அடிக்க வேண்டும்.

இரண்டு நாளில் எனக்குக் காய்ச்சல். பயப்பட ஒன்றுமில்லை என்றார் டொக்டர். நான்காம் நாளும் இறங்கவில்லை. படுத்துக் கிடக்கப் பொழுது போகாமல், கராஜில் கண்டதை அம்மாவுக்கு விவரித்தேன். செப்புத் தகடு, ஊசி, என் முகம், புகை, கோழி இறகு, திரும்பிய எழுத்து. ஒரு சொல்கூடக் கூட்டிச் சொல்லவில்லை.

அம்மாவின் முகம் வெளிறிப்போனது. "செய்வினை செய்யிறவங்களும் உப்பிடித்தானே தகட்டில கீறுறவங்கள்?"

"நீர் யாழ்ப்பாணத்தில கெமிஸ்ட்ரி படிப்பிச்சனீர்," என்றார் அப்பா.

"அந்தக் கெமிஸ்ட்ரி பிள்ளையின்ர காய்ச்சலை இறக்குமே?"

அப்பாவுக்குக் காட்ட வேண்டும் என்று சொல்லி, ஒரு தட்டு வடையோடு போய் அம்மா தகட்டை இரவல் கேட்டார். அன்ரி பெருமையோடு பேப்பரில் சுற்றிக் கொடுத்தார். அன்றைக்கே மோர்டியலொக் கடற்பாலத்துக்குப் போனோம். நான் போர்வைக்குள், காரின் பின் சீற்றில். அப்பா தனக்கு ஒரு சம்பந்தமும் இல்லாதவர் போல ஸ்டியரிங்கில் பேப்பரை விரித்து வாசித்தார். அம்மா தூண்டில்காரர்களைத் தாண்டி நடந்து போய், என் முகத்தைக் கடலில் எறிந்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் வந்தார்.

அடுத்த நாளே காய்ச்சல் விட்டது. அது இன்னும் இரண்டு நாள் நின்றிருந்தால், அம்மா தன் கெமிஸ்ட்ரிக்குத் திரும்பியிருப்பார்.

அன்ரி தகட்டைக் கேட்டபோது, எங்கேயோ வைத்துவிட்டேன், தேடுகிறேன் என்றார் அம்மா. இரண்டு கிழமை தேடினார். அன்ரி வீட்டு வாசலுக்குப் போவதை விட்டுவிட்டு, என்னை வேலிக்கு மேலால் கூப்பிடத் தொடங்கினார்.

ஒரு பின்னேரம் வர்ணம் குழைத்துக்கொண்டே அன்ரி என்னிடம் கேட்டார்: "தகடு உண்மையாகவே தொலைந்துவிட்டதா?"

சொல்லக்கூடாது என்று என்னிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை. ஊரில் ஆட்களுக்குத் தீங்கு செய்யத் தகட்டில் எழுதுவார்களாம், எனக்குச் சுகம் வர வேண்டும் என்று அம்மா அதைக் கடலில் எறிந்துவிட்டார் என்று, எனக்குத் தெரிந்ததையெல்லாம் உற்சாகமாக விளக்கினேன்.

அவருடைய தூரிகை தண்ணீருக்குள்ளேயே நின்றது. கண்காட்சிக்கு எட்டு நாள்தான் இருந்தது.

"சுகம் வந்ததா?"

"ஓம். அடுத்த நாளே."

கொஞ்ச நேரம் என் நெற்றியையே பார்த்தார். பிறகு சுவரில் இருந்த அந்த ஒற்றைத் தாளைக் கழற்றி, மண்ணிறம் குழைத்து, என் கன்னத்துக்கு நீர்வர்ணம் தீட்டத் தொடங்கினார்.

கண்காட்சியில், மற்றப் படங்களுக்கு நடுவில், இருபது தாளுக்குப் பதிலாக அந்த ஒரு தாள்தான் தொங்கியது. அம்மா அதன் முன்னால் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். அன்ரி பக்கத்தில் வந்து, "தகட்டை இனித் தேட வேண்டாம். தொலைந்தது நல்லதுதான். அதில் மூக்குப் பிழையாகிவிட்டது," என்றார்.

அம்மா அன்ரியின் இரண்டு கைகளையும் பிடித்தவர், விடவேயில்லை. படம் பார்க்க வந்தவர்கள் அவர்களைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

நான் படத்துக்குக் கிட்டப் போய் அந்த மூக்கைப் பார்த்தேன். அசல் என் மூக்குத்தான். வீட்டுக்கு வந்ததும் குளியலறையைப் பூட்டிக்கொண்டு கண்ணாடிக்கு முன்னால் நின்றேன். என் மூக்கில் அப்படி என்ன பிழை என்று கண்டுபிடிக்க, அதன்பிறகும் பல மாதங்கள் முயன்றேன்.