மேல்மாடி யன்னலின் கீழ்விளிம்பு

மகேந்திரன் அண்ணர் காலமாகிவிட்டார் என்ற செய்தி கடந்த செவ்வாய்க்கிழமை நான் வேலையில் நின்றபோது வந்தது. தொலைபேசியில் அவருடைய மனைவி லலிதா அக்கா அழவில்லை. "தம்பி, உங்கட அண்ணர் போயிட்டார்" என்று மட்டும் சொன்னார். அந்தக் கணத்தில் எனக்கு எங்கள் வீட்டு மேல்மாடி யன்னல்தான் நினைவுக்கு வந்தது. எழுதவே வெட்கமாக இருக்கிறது. ஆனால் அந்த யன்னலை விட்டுவிட்டு அவரைப் பற்றி என்னால் எழுத முடியாது.

எண்பதுகளில் வடகோடிக் கடற்கரை ஊரான பாட்ஸ்பியோர்ட்டின் மீன் தொழிற்சாலையில் நாங்கள் அறிமுகமானோம். ஒரே அறையில் நான்கு பேர் இருந்தோம். பிறகு அவர் ஒஸ்லோவுக்கு வந்து மோர்டென்ஸ்ருட்டில் குடியேறி, வீடுகளின் வெளிச்சுவருக்கு அலுமினியத் தகடு பொருத்தும் வேலையில் சேர்ந்தார். வேலையில் படு நேர்த்தி. கரைச்சல் பிடித்த மனிதர் என்று நாங்கள் பகிடி பண்ணுவோம், அவரும் சேர்ந்து சிரிப்பார்.

புதிய நூற்றாண்டு பிறந்த கையோடு ஒஸ்லோவை அடுத்த லோறென்ஸ்கூக்கில் நான் ஒரு பழைய மரவீடு வாங்கினேன். சனிக்கிழமைகளில் நண்பர்கள் கூடித் தகடு அடித்தோம். மதியத்துக்குப் புட்டும் ஆட்டிறைச்சிக் கறியும். மேற்பார்வை அண்ணர்தான்.

"ஆணியை இறுக்கி அறையாதையுங்கோ. தகடு வெயிலுக்கு நீளும், குளிருக்குச் சுருங்கும். அசைய இடம் விடுங்கோ" என்பார். ஒவ்வொரு தகட்டையும் கையால் அசைத்துப் பார்த்த பிறகே அடுத்ததைத் தொடுவார்.

கடைசிச் சனிக்கிழமை அவர் ஒரு செத்தவீட்டு அந்தியேட்டிச் சடங்குக்குப் போயிருந்தார். மேல்மாடியில் மகளின் அறை யன்னலைச் சுற்றி நாங்களே தகடு பொருத்தினோம். மழை உள்ளே போய்விடுமோ என்ற பயத்தில் நான் நாலு பக்கமும் சிலிக்கோன் பசை பூசி அடைத்தேன். எங்கள் ஆட்களுக்கு ஓர் இடுக்கைக் கண்டால் அடைக்காமல் இருக்க முடியாது. மாலையில் வந்த அண்ணர் ஏணியில் ஏறிப் பார்த்துவிட்டு முகம் மாறி இறங்கினார்.

"கீழ்ப்பக்கத்தை ஏன் அடைச்சனீர்?"

"தண்ணி உள்ள போகாமல்தான் அண்ணை."

"எப்பிடிப் பூசினாலும் கொஞ்சம் போகும். போனது வெளிய வரவேணும். வழி இல்லாட்டி மரம் உக்கிப்போம். பிள்ளை படுக்கிற அறை, அதை வெட்டி எடும்."

மறுநாள் புதுவீட்டுக் குடிபூரல். அது முடியட்டும் என்றேன். பிறகு பனி கொட்டத் தொடங்கியது. அடுத்த முறை அவர் கேட்டபோது, "வெட்டிப்போட்டன் அண்ணை" என்று கூசாமல் பொய் சொன்னேன். "நல்லது" என்றார்.

பொய்யைச் சொன்ன பிறகு அவரிடம் உதவி கேட்கவும் வழியில்லை. நானே ஏறிப் பார்க்கவும் துணிவு வரவில்லை. உள்ளே மரம் கறுத்து உக்கியிருந்தால் என்ன செய்வது? மழை பெய்யும் நாட்களில் மகளின் அறைக்குப் போய்ச் சுவரைத் தடவுவேன், மூக்கை வைத்து மணந்து பார்ப்பேன். "அப்பா, திரும்பவும் தொடங்கியாச்சோ?" என்பாள் அவள். நான்கு வருடங்கள் இப்படியே போயின.

போன மாதம் உண்மையைச் சொல்லிவிடுவது என்ற முடிவோடுதான் அவர் நோயாய்க் கிடந்த மருத்துவமனைக்குப் போனேன். அண்ணர் மூச்சு வாங்கிக்கொண்டே மகளின் படிப்பை விசாரித்தார். என் முகத்தைப் பார்த்து, "ஒண்டுக்கும் பயப்பிடாதையும் தம்பி" என்றார். வாய் வரை வந்ததை விழுங்கிக்கொண்டு வீடு திரும்பினேன்.

நேற்று இறுதிச் சடங்கு முடிந்ததும் லலிதா அக்கா என்னை அருகில் அழைத்தார்.

"மூண்டு வருசத்துக்கு முதல் நீங்கள் கனடா போன நேரம், உங்கட பூங்கண்டுக்குத் தண்ணி விடப் போறன் எண்டு ஏணியைக் காரில கட்டிக்கொண்டு போனவர். பூங்கண்டுக்கு என்னத்துக்கு ஏணி எண்டு கேட்டன். சிரிச்சுப்போட்டுப் போனவர். உங்களுக்கு ஏதும் தெரியுமோ?"



இன்று காலை மழைக்குள் ஏணியை வைத்து ஏறினேன். யன்னலின் கீழ்விளிம்பில் சிலிக்கோன் இல்லை. ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை கத்தியால் நேராக அறுத்து எடுக்கப்பட்டிருந்தது. இடுக்குக்குள் விரலை விட்டு மரத்தைத் தொட்டேன். உறுதியாக இருந்தது. மூன்று வருடங்களாக அவர் என் வீட்டுக்கு வந்தார், சாப்பிட்டார், சிரித்தார். ஒருநாளும் அதைச் சொல்லிக் காட்டவில்லை.

"அண்ணை, நான் வெட்டேல்லை. பொய் சொன்னனான்" என்று ஏணியில் நின்றபடியே உரக்கச் சொன்னேன். சத்தம் கேட்டு மகள் யன்னலைத் திறந்தாள். நான் அழுதுகொண்டிருந்தேன்.

போய் வாருங்கள், அண்ணை.