ஹில்டா அக்கா பேசாலையில் பிறக்கவில்லை

செய்தி வந்தபோது நான் வேலையில் நின்றேன். மத்தியானச் சாப்பாடு முடிந்து, தட்டுகளைக் கழுவும் மெஷினுக்குள் அடுக்கிக்கொண்டிருந்தேன். ஹில்டா அக்காவின் மகள் டிலானி அழைத்தாள். "அன்ரி, அம்மா போயிட்டா. காலமைதான்." பிறகு, "நான் இப்ப ஆருக்குச் சொல்லோணும்?" என்று கேட்டாள்.

தகப்பன் வழிச் சொந்தங்கள் எல்லோரும் ஸ்காபரோவிலும் மார்க்கம் நகரிலும் இருக்கிறார்கள். அவர்களுக்கு அவள் ஏற்கெனவே சொல்லிவிட்டாள். அவள் கேட்டது தாயின் பக்கத்தை. அந்தப் பக்கத்தில் அவளுக்குத் தொடர்பு இருப்பவர் சொலமன் தீவுகளில் இருக்கும் ஒரு வயதான மாமா. அவர் மலையேறி நின்றால்தான் அவருடைய போனுக்கு சிக்னல் கிடைக்கும்.

அடுத்த நாள் இணையத்தில் மரண அறிவித்தல் வந்தது. 'மன்னார் பேசாலையைப் பிறப்பிடமாகவும், கனடா ரொறன்ரோவை வதிவிடமாகவும் கொண்ட' என்று தொடங்கியது. டிலானியின் சித்தப்பா கொடுத்த அறிவித்தல் அது. நான் அவருக்கு போன் எடுத்துக் கேட்டேன். "பேசாலை அவவின்ர மனுசன்ர ஊரல்லோ அண்ணை?"

"ஓம் பிள்ளை. ஆனா மற்றதை எழுதினா ஆருக்கு விளங்கும்? வாசிக்கிற சனம் குழம்பிப் போகும்" என்றார். அவருடைய குரலில் வன்மம் எதுவும் இருக்கவில்லை. அவருக்கு உண்மையிலேயே அப்படித்தான் பட்டது.

மல்வேர்ன் பஸ்ஸில் அக்காவைக் கண்டு சிரித்தவர்கள், தேவாலயத்தின் தமிழ்ப் பூசையில் அவருக்குப் பக்கத்தில் இருந்தவர்கள், எங்கள் முதியோர் இல்லத்தின் சமையலறையில் அவரோடு நின்று வேலை செய்தவர்கள் என்று பலர் இதை வாசிக்கக்கூடும். உங்களுக்காகத்தான் எழுதுகிறேன். ஹில்டா அக்கா பேசாலையில் பிறக்கவில்லை. அந்த ஊரை அவர் தன் வாழ்நாளில் ஒரு முறைகூடப் பார்த்ததில்லை.

அவர் பிறந்தது மலைட்டா என்ற பெரிய தீவின் ஓரமாக, கடல் உள்வாங்கி நிற்கும் ஒரு களப்புக்குள் இருந்த சின்னத் தீவில். அது இயற்கையான தீவல்ல. அவருடைய முன்னோர் வள்ளங்களில் முருகைக்கற்களை, பவளப் பாறைத் துண்டுகளை, ஏற்றிவந்து, ஆழமில்லாத கடலில் ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டு, மேலே மண் பரப்பிக் குடியேறிய தீவு. தோட்டமும் குடிதண்ணீரும் பெரிய தீவில். வீடும் கல்லறையும் கல்லுத் தீவில். பெண்கள் காலையில் வள்ளம் வலித்துப் போய் மரவள்ளியும் வத்தாளைக் கிழங்கும் கிண்டிக்கொண்டு பின்னேரம் திரும்புவார்கள். அக்கா அந்தப் பகுதிப் பள்ளிக்கூடத்தில் சின்ன வகுப்புகளுக்குப் படிப்பித்தார். அங்கே கணிதம் படிப்பிக்கப் போன பேசாலைக்காரரான தாசன் அண்ணையை விரும்பிக் கலியாணம் செய்தார். அண்ணையின் குடும்பம் ரொறன்ரோவுக்கு வந்து சேர, இவர்களும் வந்தார்கள். மாமியாரோடு ஒரே அப்பார்ட்மென்ரில் பல வருடங்கள். அவரிடம்தான் அக்கா தமிழ் பழகினார். எங்களில் பலரை விடச் சுத்தமான மன்னார்த் தமிழ்.

ஆனாலும் பார்க்கிறவர்களுக்கு அவரை எங்கே சேர்ப்பதென்று தெரியாது. அவருடைய நிறம் என்னுடையதை விடக் கறுப்பு. தலைமயிரோ பொன்னிறச் சுருள். அவருடைய மக்களில் பலருக்கு அப்படித்தான். தேவாலய வாசலில் ஒரு அம்மா என் முன்னாலேயே கேட்டார். "இந்த வயசில ஏன் பிள்ளை தலைக்குக் கலர் அடிக்கிறாய்?"

"கடவுள் அடிச்சது அன்ரி. கழுவிப் பாத்தனான், போகுதில்லை" என்றார் அக்கா. அந்த அம்மா சிரிக்கவில்லை. அக்கா பஸ்ஸில் ஏறியும் சிரித்துக்கொண்டிருந்தார்.

அவரை நான் நெருங்கியது கதையால். எனக்குக் கதை எழுதும் பழக்கம் உண்டு என்று யாரோ சொல்ல, இடைவேளையில் என் எதிரே வந்து இருந்தார். "தனிய இருந்தோ எழுதுறனீ?" என்று கேட்டார். ஓம் என்றேன். "பாவம்" என்றார்.

அவருடைய ஊரில் கதை என்பது ஒருவர் சொல்லி மற்றவர்கள் கேட்பதல்ல. அவர்களுடைய பொதுமொழியில் அதை 'டோக் ஸ்டோரி' என்பார்கள். ஒருவர் தொடங்குவார், இன்னொருவர் குறுக்கே வந்து தன் பங்கைப் போடுவார், மூன்றாவது ஆள் அதை மறுப்பார். கேட்பவர்கள் சும்மா இருந்தால் அந்தக் கதை அவர்களுக்கு வேண்டாம் என்று அர்த்தம். எவரும் தனியாக முடிக்க முடியாத கதைகளும் உண்டு. அவருடைய தீவின் கதை அப்படிப்பட்டது. புருசனைக் கடலில் பறிகொடுத்த ஒருத்தி, அவன் மறைந்த இடத்திலேயே இருக்கவேண்டுமென்று வள்ளத்தில் கல் கொண்டுபோய்ப் போடுகிறாள். அவன் சுறாவாகி அவளுடைய வள்ளத்தோடு கூடவே வருகிறான். அவள் தனியாகக் கல் போடுவதைப் பார்த்து மற்றக் குடும்பங்களும் வருகின்றன. இந்த இடத்தில் சொல்பவர் நிறுத்திவிடவேண்டும். அங்கே கூடியிருக்கும் ஒவ்வொரு குடும்பமும் தங்கள் கல் எங்கேயிருந்து வந்தது, யார் தூக்கினார், எந்தப் பக்கம் வைத்தார் என்று சொல்லவேண்டும். அதெல்லாம் சேர்ந்த பிறகுதான் தீவு எழும்பும்.

அன்று அந்த இடத்தில் நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "சொல்லு."

"என்னத்தை அக்கா?"

"உன்ர வீட்டுக் கல்லை எந்தப் பக்கம் வைச்சது?"

"எங்கட வீடு ஷெல் விழுந்து இடிஞ்சு போச்சு அக்கா. கல்லெல்லாம் ஆரோ ஏத்திக்கொண்டு போயிட்டாங்கள்."

அவர் யோசித்தார். "அப்ப இடிஞ்ச கல்லிலை ஒண்டைத் தா. கிழக்குப் பக்கம் வைப்பம். அங்கதான் அலை கூட."

நான் அழுதுவிட்டேன். மனேச்சர் வந்து என்ன பிரச்சினை என்று கேட்டார். அக்கா, "கட்டிட வேலை" என்று ஆங்கிலத்தில் சொல்லி அனுப்பினார்.

அவருடைய கணவர் இருக்கும்போதே நடந்த இன்னொன்றையும் சொல்லவேண்டும். தேவாலயத்தின் கலைவிழாவில் அவரைக் கதை சொல்லக் கேட்டார்கள். அக்கா மகிழ்ச்சியோடு ஒத்துக்கொண்டார். எங்களை வட்டமாக இருத்தச் சொல்லிக் கேட்டார். அது முடியாது என்றார்கள். மேடையும் மைக்கும்தான் கொடுத்தார்கள். பளிச்சென்ற பூப்போட்ட சட்டையோடு ஏறி, அந்தத் தீவுக் கதையை நல்ல தமிழில் தொடங்கினார். பிள்ளைகளும் கேட்டார்கள். குடும்பங்கள் வரும் இடத்தில் நிறுத்தி, மண்டபத்தைப் பார்த்து, "இப்ப நீங்கள் சொல்லுங்கோ. உங்கட கல் எங்கை?" என்றார்.

ஒருவரும் தங்கள் கல்லைச் சொல்லவில்லை. நான் பின்வரிசையில் இருந்து என் கல்லைச் சொல்லிக் கத்தினேன், தங்களுக்குள் கதைத்துக்கொண்டிருந்த சனத்தின் சத்தத்தில் அது அவருக்குக் கேட்கவில்லை. அவர் காத்துக்கொண்டு நின்றார். அவருக்குக் கதை மறந்துபோயிற்று என்று அறிவிப்பாளர் நினைத்துக்கொண்டார். ஓடிவந்து மைக்கை வாங்கி, "எங்கள் சொலமன் அன்ரிக்குப் பலத்த கரகோஷம்" என்றார். எல்லோரும் மனதார, நிறையக் கை தட்டினார்கள்.

கீழே இறங்கி வந்தவர் என் பக்கத்துக் கதிரையில் இருந்தார். "கை தட்டினா முடிஞ்சுதெண்டு அர்த்தம், தங்கச்சி. நான் இன்னும் முடிக்கேல்லையே" என்றார்.

தாசன் அண்ணை இறந்த பிறகு அவர் ஊருக்குப் போய்விட முடிவு செய்தார். திரும்பி வரும் எண்ணம் இல்லை. வீட்டுச் சாமான்களைக் கொடுத்தார். எனக்குத் தன் பெரிய சோற்றுப் பானையைத் தந்தார். டிலானி விமான நிலையத்தில் அழுதபோது, "நீ வந்து பார். உன்னை வள்ளத்திலை ஏத்துறன்" என்று தேற்றினார். களப்பில் தண்ணீர் ஏறுகிறது என்று ஊரிலிருந்த அவருடைய தம்பி, டிலானியின் அந்த மாமா, சொல்லியிருந்தார். பெரிய வெள்ளம் வந்தால் வீட்டுக்குள் மீன் வருகிறதாம். அக்கா அதைப் பெரிதாக எடுக்கவில்லை. "கல்லுப் போட்டால் சரி. அதுதானே எங்கட வேலை" என்றார்.

சில கிழமைகளில் அவர் திரும்பி வந்துவிட்டார். எங்களுக்குச் சொல்லாமல் வந்தார். பஸ் தரிப்பிடத்தில் குளிர்கோட்டோடு நின்றவரை நான் முதலில் நம்பவில்லை.

நடந்ததை மெதுவாகத்தான் சொன்னார். தீவில் எவரும் இல்லை. சுவர்கள் சரிந்து, கல்லறைப் பக்கம் கடலுக்குள் போய்விட்டது. குடும்பங்கள் பெரிய தீவுக்குப் போய், வேறு ஆட்களின் காணிகளில் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. காணிக்காரர்களோடு தினமும் சண்டை. தோட்டத்தில் உப்பு. தம்பியின் தகர வீட்டில் ஒரு பின்னேரம் எல்லோரையும் கூப்பிட்டு இருத்தி அக்கா அந்தக் கதையைத் தொடங்கியிருக்கிறார். பெடியள் மரியாதையாகக் கேட்டார்களாம். சிலர் கனடா மாமி கதை சொல்கிறார் என்று போனில் படம் பிடித்தார்களாம். நிறுத்தவேண்டிய இடத்தில் நிறுத்தினார். கல்லுகளின் கதை தெரிந்தவர்கள் முன்பே செத்துப்போயிருந்தார்கள். தம்பி மட்டும் தங்கள் வீட்டுக் கல்லைச் சொன்னார். அது அக்காவினதும் கல்தானே. மற்றவர்கள் வாயே திறக்கவில்லை.

"பிறகு?" என்றேன்.

"பிறகென்ன? அங்கையும் கை தட்டினவங்கள்."

அதற்குப் பிறகு நான் பலமுறை கேட்டும் அவர் கதை சொல்லவில்லை. நான் தொடங்கிப் பார்த்தேன். "விடு தங்கச்சி, வேலைக்கு நேரமாச்சு" என்று எழும்பிவிடுவார். வேலையில் ஒரு குறையும் வைக்கவில்லை. சிரிப்பும் இருந்தது. ஆனால் இடைவேளையில் தனியாக ஜன்னல் பக்கம் போய் இருக்கத் தொடங்கினார்.

இந்த வருடம் அவருக்குப் பாரிசவாதம் வந்தது. வலப்பக்கம் இழுத்துவிட்டது. அதோடு ஆங்கிலமும் தமிழும் போய்விட்டன. அவர் ஊமையாகவில்லை. குழந்தையில் பேசிய களப்பு மொழி மட்டும் மிஞ்சியது. ஆஸ்பத்திரியில் மொழிபெயர்ப்பாளரைத் தேடினார்கள். அந்த மொழிக்கு ஒருவரும் அகப்படவில்லை. அக்கா கட்டிலில் கிடந்தபடி ஒரே சொல்லைத் திரும்பத் திரும்பச் சொன்னார். சொல்லும்போது எங்கள் கையைப் பிடிப்பார், கண்ணைப் பார்ப்பார். தாயைக் கூப்பிடுகிறார் என்று டிலானி நினைத்தாள். எனக்கு அது யாரோ ஒருவருடைய பெயர் மாதிரிப் பட்டது. "வருவினம் அக்கா, வருவினம்" என்று தலையைத் தடவுவேன். அவர் கையை இழுத்துக்கொள்வார். அமைதியில்லை என்று மருந்து கொடுத்தார்கள்.

தம்பியார் சிக்னலுக்காக மலையேறி ஒரு பின்னேரம் அழைத்தார். கூடவே ஆங்கிலம் தெரிந்த அவருடைய மகளும் நின்றாள். டிலானி போனை அக்காவின் காதருகே பிடித்தாள். தம்பியின் குரல் கேட்டதும் அக்காவின் முகம் முழுவதும் விழித்தது. அவர் வேகமாகப் பேசினார், நாங்கள் கேட்டுப் பழகிய அந்தச் சொல்லைப் பல தடவை சொன்னார். அங்கே தம்பி அழுவது கேட்டது. டிலானி போனை எடுத்து, மச்சாளிடம் அம்மா என்ன சொல்கிறார் என்று கேட்டாள். கேட்டுவிட்டு என்னைப் பார்த்தாள்.

"அன்ரி, அம்மாவுக்குக் காலிலை குளிராம். ஆஸ்பத்திரிக்கு வந்த நாளிலையிருந்து காலுக்குப் போட ஏதும் கேட்டவவாம். ஒருத்தரும் தரேல்லையாம்."

போர்வையைத் தூக்கினோம். பாதங்கள் ஐஸ்கட்டிபோல் இருந்தன. நான் என் சொக்ஸைக் கழற்றிப் போட்டுவிட்டேன். டிலானி இரண்டு கையாலும் அந்தக் கால்களைப் பிடித்துக்கொண்டு, "ஸொறி அம்மா, ஸொறி அம்மா" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். அக்கா அந்தச் சொல்லை அதற்குப் பிறகு சொல்லவில்லை. வேறெதுவும் சொல்லவுமில்லை. அந்தக் கிழமைக்குள் போய்விட்டார்.

பிக்கறிங் நகரின் கல்லறைத் தோட்டத்தில் தாசன் அண்ணைக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தோம். மண் உறைந்திருந்தது. கனபேர் வந்திருந்தார்கள். அவருடைய மொழியில் ஒரு செபம் சொல்ல அங்கே ஆள் இல்லை.

அவரிடமிருந்து என்னிடம் மிஞ்சியிருப்பது என்னவென்று டிலானி கேட்டாள். அவருடைய மொழியில் ஒரு சொல் எனக்குத் தெரியும். குளிர் என்பதற்கான சொல். பஸ்ஸுக்குக் காத்து நிற்கும்போது வாய்க்குள் சொல்லிப் பார்க்கிறேன். சரியாகச் சொல்கிறேனா என்று திருத்த இந்த நகரத்தில் யாருமில்லை.