மாலை போடாத படம்

பெரியம்மாவின் ஒரே மகன், எங்கள் அண்ணன், காலேஜ் லீவில் படகு ஏறிப் போய் ஒரு மாதம் ஆகியிருந்தது. வலைத்துண்டு கரை ஒதுங்கியது, ஆள் ஒதுங்கவில்லை. குருசுக்குப்பத்துப் பெரியவர்கள் கூடிப் பேசி, இனிக் காரியத்தை முடித்துவிடலாம் என்றார்கள். காரியம் என்றால் மாலை போட ஒரு படம் வேண்டுமே. அண்ணனின் படங்கள் எல்லாம், லாஸ்பேட்டையில் யாரிடமோ பழசாக வாங்கி வந்த கம்ப்யூட்டருக்குள் இருந்தன.

படம் எடுக்க உட்கார்ந்தவர் சித்தப்பா. சேதராப்பட்டில் தொழிற்சாலை வேலை, சும்மா இருக்காத கை. "இன்னாடா இது, ஆமை கணக்கா ஊருது" என்று, குப்பையைக் கழித்து வேகமாக்கும் ஒரு சாஃப்ட்வேரைப் போட்டார். அது கழித்த குப்பையோடு அண்ணனின் படங்களும் போய்விட்டன.

பெரியம்மா அழவில்லை. "ரெண்டாந்தரமும் தொலைச்சிட்டோமா தம்பி?" என்று மட்டும் கேட்டாள்.

மறுநாளே சித்தப்பா ஒரு சிடியோடு வந்தார். அழிந்ததை மீட்கும் சாஃப்ட்வேர். முந்தையதைச் செய்த கம்பெனிதான் இதையும் செய்ததாம். அடித்தவனே மருந்தும் போடுகிறான் என்று சிரித்தார். காலையெல்லாம் தேடி அது அழிந்த படங்களின் பெயர்களைப் பட்டியல் போட்டது. ஒவ்வொரு பெயரிலும் முதல் எழுத்து இல்லை, அழியும்போது அது போய்விடுமாம். சோதிக்க ஒரே ஒரு படத்தை மீட்டுப் பென்டிரைவில் போட்டுத் திறந்தார்.

அண்ணன்தான். அதே சிரிப்பு. ஆனால் கழுத்துக்குக் கீழே மஞ்சள் கவுன். கவுனிலிருந்து இரண்டு சின்னக் கைகள், பலூன் நூலைப் பிடித்தபடி.

"கம்ப்யூட்டரை வித்தவங்க வூட்டுப் பொண்ணு போல. அவங்க அழிச்சதும் சேர்ந்து வருது" என்றார் சித்தப்பா. மற்றதைச் சாயங்காலம் எடுக்கலாம், யாரும் தொடாதீங்க என்று சொல்லிவிட்டு ஷிஃப்டுக்குப் போனார்.

எனக்கு ஒன்பது வயது. பட்டப்பகல், வாசலில் பெரியம்மா மீன் கழுவும் சத்தம் கேட்கிறது. அறைக்குள் கம்ப்யூட்டர் யாரும் தொடாமலே கறக் கறக் என்றது. திரையின் மூலையில் அந்தக் குப்பை கழிக்கும் சாஃப்ட்வேரின் சின்னப் படம் கண் சிமிட்டியது. அதுதான் அண்ணனை மென்று, எவளோடோ சேர்த்துத் துப்பியிருக்கிறது என்று நினைத்தேன். விட்டால் மிச்சத்தையும் தின்னும். கம்ப்யூட்டரிடம் அதை நீக்கச் சொன்னேன். நடுவில் அது இங்கிலீஷில் கேட்டது, அர்த்தம் பின்னால்தான் தெரிந்தது: இந்தக் கோப்பு பொதுவானது, வேறு சாஃப்ட்வேரும் பயன்படுத்தலாம், அழிக்கவா? எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் 'எஸ்' ஒன்றுதான் தைரியமான வார்த்தை. எல்லாவற்றுக்கும் எஸ்.

சாயங்காலம் மீட்கும் சாஃப்ட்வேர் திறக்கவில்லை. ஏதோ ஒரு கோப்பைக் காணோம் என்றது. சித்தப்பா சிடியை மறுபடி போட்டார். இப்போது திறந்தது, பெயர்களும் வந்தன. உள்ளே எல்லாம் வெறும் சாம்பல் நிறம். சிடியிலிருந்து புதிதாக வந்த கோப்புகள் அண்ணன் இருந்த இடத்தில் போய் உட்கார்ந்துகொண்டனவாம்.

திரை மூலையில் அந்தக் குப்பை கழிக்கும் சாஃப்ட்வேர் இல்லாததைக் கவனித்த சித்தப்பா, என்னைத் திரும்பிப் பார்த்தார். "ரெண்டு குடித்தனத்துக்கும் ஒரே குழாய்மா. ஒரு வூட்டைக் காலி பண்றேன்னு குழாயையே புடுங்கிட்டியே" என்று மெதுவாகச் சொன்னார். பெரியம்மாவிடம் சத்தமாக, "சிடி சரியில்ல அண்ணி" என்றார்.

மிஞ்சியது அந்த ஒரு படம். ஸ்டுடியோக்காரர், கழுத்தோடு வெட்டித் தருகிறேன் என்றார்.

"யார் பெத்த புள்ளையோ, அது கையை வெட்டுவியா? அப்படியே போடு" என்றாள் பெரியம்மா.

காரியத்தன்று மாலையோடு வந்தவர்களை அவள் கிட்டே விடவில்லை. "அந்தப் பொண்ணு எங்கியோ உசுரோட இருக்குது. உசுரோட இருக்கிற புள்ளைக்கு மாலை போடுவாங்களா?" மாலை தண்ணீர்க் குடத்தின் மேல் காய்ந்தது.

அதற்குப் பிறகும் போடவிடவில்லை. மஞ்சள் கவுனில் அண்ணன் கூடத்துச் சுவரில் சிரித்துக்கொண்டே இருந்தார். அந்த வெறும் படத்தை, நான் செய்ததற்கு எனக்குக் கிடைத்த தண்டனை என்று நினைத்து, தலையைக் குனிந்துகொண்டே கடப்பேன். புதிதாக வந்தவர்கள் யாரென்று கேட்டால், "என் புள்ள, காலேஜ் படிக்கிறான்" என்பாள் பெரியம்மா. படித்தான் என்று அவள் ஒருமுறையும் சொல்லாதது அப்போது என் காதில் விழவே இல்லை.