ரோடு போகாத தலைநகர்

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு நாகர்கோவிலிலிருந்து வேன் கிளம்பியது. தக்கலை பதினாறு கிலோமீட்டர். எங்கள் பக்கத்தில் பெண் கொடுக்கும் முன் வேன் பிடித்துப் போய் மாப்பிள்ளை வீட்டைப் பார்த்தே ஆகவேண்டும். மணப்பெண் வரும் வழக்கமில்லை. என் மகள் பின்சி கேட்டால்தானே!

மாப்பிள்ளை ஜெபின் அமெரிக்காவில் நர்ஸ். அலாஸ்கா மாநிலத்தின் தலைநகரில் வேலை என்றார்கள். அந்தச் சொல்லில்தான் நான் மயங்கினேன். எனக்குத் தெரிந்த தலைநகரங்கள் சென்னையும் திருவனந்தபுரமும். அங்கே இல்லாத ஆஸ்பத்திரி உண்டா, போகாத பஸ் உண்டா?

வில்லுக்குறியில் டீ குடித்தோம், பன்னிரண்டு ரூபாய். தக்கலையில் வீட்டைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. முற்றத்தில் ரப்பர் ஷீட் காய்ந்துகொண்டிருந்தது. சாப்பாடானதும், பக்கத்தில்தானே என்று, லீவில் வந்திருந்த ஜெபின் எங்களைப் பத்மநாபபுரம் அரண்மனைக்கு அழைத்துப்போனார். கறுத்து மினுங்கும் தரையில் கால் சில்லிட்டது.

"திருவிதாங்கூருக்குத் தலைநகரா இருந்த ஊரு. இப்பம் எவ்வளவு அமைதி பாத்தியளா?" என்றார் என் அண்ணன்.

ஜெபின் சிரித்தார். "நான் வேலை பாக்குற ஜூனோவும் இப்படித்தான் மாமா. ஒரு முப்பதாயிரம் பேரு உண்டு."

நான் நின்றுவிட்டேன். "தலைநகர்னுல்லா சொன்னிய?"

"அமெரிக்காவுல பெரிய ஊருதான் தலைநகரா இருக்கணும்னு இல்ல மாமி. நியூயார்க் மாநிலத்துக்கே ஆல்பனிதான். கலிபோர்னியாவுக்கு சேக்ரமெண்டோ."

"செரி, அங்கேருந்து பெரிய ஊருக்கு வேன்ல எவ்வளவு நேரம்?"

"ரோடு கிடையாது மாமி. ஒரு பக்கம் பனிமலை, மறுபக்கம் கடலு. பிளைட்டு, இல்லன்னா கப்பலு."

ஒரு மாநிலத்தின் தலைநகருக்கு ரோடு இல்லையாம்! மறுநாள் ஞாயிறு, சர்ச்சில் முதல் ஓலை வாசிப்பு. இன்னார் மகளுக்கும் இன்னார் மகனுக்கும் கல்யாணம் என்று போதகர் சபைமுன் வாசித்துவிட்டால் பிறகு பின்வாங்க முடியாது.

பின்சியைத் தூணுக்கு அந்தப்பக்கம் இழுத்துப்போனேன். "ஏட்டி, இது ஒனக்குத் தெரியுமா?"

"பேசுன அன்னைக்கே சொல்லிட்டாரு. ஒங்ககிட்ட சொன்னா சம்மதிப்பியளா?"

ரோடு இல்லாததைவிட இதுதான் எனக்குப் பேரிடி. "ஒரு பிரசவம், ஒரு சொகக்கேடுன்னா நான் எப்பிடிட்டி வருவேன்?"

"ரோடு இருந்தா மட்டும்? நாகர்கோயில்லேருந்து அமெரிக்காவுக்கு வேன் பிடிச்சா வருவிய?"

மகள் கடல் தாண்டிப் போகிறாள் என்பதே அப்போதுதான் எனக்கு உறைத்தது. தலைநகர் தலைநகர் என்று ஊரெல்லாம் பெருமை பேசி இத்தனை நாளும் அதை நினைக்காமலே இருந்திருக்கிறேன். அரண்மனை பார்க்க வந்தவர்கள் திரும்பிப் பார்க்கும்படி அழுதேன்.

நாலு மணிக்கு, ஜெபினை வீட்டில் விட்டுவிட்டு வேன் திரும்பியது. அண்ணன் போனைக் கையில் எடுத்தார். "ஓலைய நிறுத்தச் சொல்லட்டா? இப்பம் சொன்னாத்தான் முடியும்."

பின்சி ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். என் கையை மட்டும் விடவில்லை.

"வாசிக்கட்டும்" என்றேன். திருவனந்தபுரத்துக்கு அப்பால் எங்கும் போயிராதவள் நான். "ஏட்டி, எனக்கொரு பாஸ்போர்ட்டு எடு."