கயிற்றுக்கு எட்டும் தூரத்தில் ஒரு கொடி

என் மகள் வேலை பார்க்கும் இடத்தில் மரம் இல்லை, மண் இல்லை, ஓர் எறும்புகூட இல்லை. ஒரு கல்யாணப் பந்தியில் இதைச் சொன்னபோது என் நாத்தனார், "ஏனுங்க நங்கை, புள்ளைக்கு ஃப்ரிட்ஜுக்குள்ளதான் வேலை கெடச்சுதாக்கும்?" என்றாள். பக்கத்து இலைக்காரருக்குப் புரையேறியது. நானும் சிரித்தேன். அண்டார்டிகாவை அதைவிடச் சுருக்கமாகச் சொல்ல எனக்கும் தெரியாது.

அவள் படித்தது நிலவியல். ஆராய்ச்சிக்காக இமயமலையில் ஒரு பனியாற்றின் மேல் ஒரு கோடையைக் கழித்துவிட்டு, உதடெல்லாம் வெடித்து, மூக்கு கறுத்துத் திரும்பி வந்தாள். இனி போகமாட்டாள் என்று நிம்மதியாக இருந்தேன். அவளோ தென் துருவத்துக்கு விண்ணப்பித்திருந்தாள். முதல் முறை போனபோது குழுவில் அவள்தான் சின்னவள். அடுத்த முறை, மாதக்கணக்கில் சூரியன் எழாத குளிர்காலம் முழுவதும் அங்கேயே தங்கினாள். இப்போது அவளுடைய வேலை, பனிக்கு அடியில் பார்க்கும் ரேடார் கருவியை இழுத்துக்கொண்டு எல்லோருக்கும் முன்னால் போவது. மேலே சமதரையாகத் தெரியும் பனிக்குக் கீழே ஆளையும் வண்டியையும் விழுங்கும் பிளவுகள் இருக்குமாம். அவள் பார்த்துச் சொன்ன பிறகுதான் வண்டிகள் நகரும். வீட்டுச் சாவியை எங்கே வைத்தோம் என்று தினமும் தேடிய பெண் இவள்.

போன முறை புறப்படுவதற்கு முன் எங்களிடம் ஒன்றைக் கேட்டாள்.

"அப்பா, முந்நூறு கொடி தெச்சுக் குடுங்க. முழ நீளம் போதுமுங்க."

முகாமிலிருந்து வெளியே போகும் வழியில் மூங்கில் நட்டுக் கொடி கட்டுவார்கள். காற்றில் பனி பறந்து கண்ணை மறைக்கும்போது திரும்பி வர அதுதான் வழி. ஏற்கெனவே இருந்தவை கிழிந்து போயிருந்தன. தவிர, வழக்கத்தைவிட நெருக்கமாக நட வேண்டும் என்பது அவள் எண்ணம்.

பெருமாநல்லூருக்குப் போகும் சாலையில் எங்களுக்கு ஒரு சின்ன பனியன் யூனிட் இருக்கிறது. கணவர் கட்டிங் பார்ப்பார், நான் செக்கிங்கும் கணக்கும். கொடி என்றதும் அவர் உற்சாகமாகி, டி-சர்ட் ஆர்டரில் மீந்திருந்த சிவப்புத் துணியை எடுத்து வெட்டினார். தூத்துக்குடிப் பக்கத்துத் தையல்காரர் ஒருவர் எங்களிடம் பல வருடமாக இருக்கிறார். அவர் மெஷினை நிறுத்திவிட்டு, "எதுக்குக்கா இம்புட்டுக் கொடி? பாப்பா எலெக்சன்ல நிக்கப் போறாவளா?" என்றார்.

"ஆமாங்கண்ணா, ஓட்டுப் போட அங்க பென்குயின்தான் இருக்குது," என்றாள் மகள்.

முதல் கொடி தைத்து முடிந்ததும் அதை ஒரு குச்சியில் கட்டிக்கொண்டு காரில் ஏறினாள். "அப்பா, வேகமாப் போங்க," என்று சொல்லி ஜன்னலுக்கு வெளியே நீட்டினாள். நான் பின் இருக்கையில் இருந்தேன். கார் வேகம் எடுக்க எடுக்கக் கொடி நீண்டது. பிறகு இரண்டு ஓரமும் உள்நோக்கிச் சுருண்டு, பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு சிவப்புக் கயிறாகிவிட்டது.

"இது கொடி இல்லீங்கப்பா. பாவாடை நாடா."

அவர் காரை ஓரமாக நிறுத்திவிட்டு அதைக் கையில் வாங்கிப் பார்த்தார். பனியன் துணி ஓரம் சுருளும் என்பது கட்டிங் டேபிளில் தினமும் அவர் திட்டுகிற விஷயம்தான். ஆனாலும் தோன்றவில்லை. எங்கள் ஊரில் துணி என்றாலே பின்னிய துணிதான். நெய்த துணியை நாங்களே கடையில் போய் வாங்குகிறவர்கள். வெட்டி வைத்திருந்த மற்றதையெல்லாம் அன்றைக்கே வேஸ்ட் துணி மூட்டையில் போட்டார்.

மறுநாள் மூவரும் சோமனூர் போய், சாயம் ஏற்றாத, தறியில் நெய்த காடாத் துணி வாங்கினோம். விசைத்தறிச் சத்தத்துக்கு நடுவே அவள் துணியை இரு கையாலும் இழுத்து, கசக்கி, ஓரத்தைப் பல்லால் கடித்துப் பார்த்தாள். கடைக்காரர் என்னைப் பார்த்து, "சேலை எடுக்கறவங்ககூட இப்படிப் பாக்க மாட்டாங்கொ," என்றார்.

அடுத்து நிறம். அவள் கறுப்பு வேண்டும் என்றாள்.

நான் முடியாது என்றேன். "ஊட்ட உட்டுப் போற புள்ளைக்குக் கறுப்புத் துணியக் கட்டிக் குடுத்து அனுப்புவாங்களா? உங்கப்பாவக் கேளு."

எங்கள் இரண்டு குடும்பங்களிலும் பயணம் புறப்படுகிறவர் பையில் கறுப்பு வைக்கும் வழக்கம் இல்லை. இவரோ எங்களுக்கு நடுவே வராமல் காரைத் துடைக்கப் போய்விட்டார். மகள் விட்டுக்கொடுத்தாள். "சரீங்கம்மா, செவப்பே இருக்கட்டும். பக்கம் பக்கமா நட்டுக்கறேன்," என்றாள். வீரபாண்டியில் தெரிந்த டையிங்கில் சாயம் ஏற்றி, முந்நூறையும் தைத்து மடித்து அவளோடு அனுப்பினோம்.

அங்கே கோடை முடிந்து வெளிச்சம் குறைந்துகொண்டிருந்த சமயம். இங்கே யூனிட்டில் ஃபேன் காற்றே சுட்டது. அன்று ஷிப்மெண்ட் போக வேண்டிய நாள். கணவரின் போன் அடித்தது, மகளின் அலுவலகத்திலிருந்து. அவர் நின்றபடியே ஆங்கிலத்தில் இரண்டு மூன்று முறை 'எஸ் சார்' என்றார். அப்புறம் ஒரு அட்டைப் பெட்டியின் மேல் உட்கார்ந்தார்.

மகளும் அவளோடு வேலை செய்யும் ஒருவரும், வெளியே வைத்திருந்த ஒரு கருவியைப் பார்க்கப் பனி ஸ்கூட்டரில் போயிருக்கிறார்கள். நினைத்ததற்கு முன்னதாகவே காற்று கிளம்பிவிட்டது. அவர்களிடமிருந்து ரேடியோவில் பேச்சு இல்லை. காற்று அடங்காமல் தேடிப் போக முடியாது. சொல்லப்பட்டது இவ்வளவுதான்.

செய்தி பரவி மெஷின்கள் ஒவ்வொன்றாக நிற்கத் தொடங்கின. அவர் எழுந்து, "யாரும் நிறுத்தாதீங்க. ஓட்டுங்க, ஓட்டுங்க," என்றார். அந்த நிசப்தத்தை அவரால் தாங்க முடியவில்லை என்பது எனக்குத் தெரிந்தது. மெஷின்கள் மறுபடி ஓடின. நான் செக்கிங் மேசையில் குழந்தைகள் பனியன்களை ஒவ்வொன்றாகப் புரட்டிக்கொண்டிருந்தேன். ஓட்டை இருந்ததா, கறை இருந்ததா, எதுவும் கண்ணில் படவில்லை. எலெக்சன் என்று கேலி செய்த தையல்காரர் டீ கொண்டுவந்து என் முன்னால் வைத்தார். டீ ஆடை கட்டியது.

மறுநாள் பகலில் அவளே பேசினாள். குரல் கரகரத்து வேறு யாருடையதோ போல் இருந்தது.

"அம்மா, நான்தானுங்க. அழுவாதீங்க. வெரல் எல்லாம் இருக்குது."

விரல்களைப் பற்றி நான் கேட்கவே இல்லை. அதை அவள் சொன்ன பிறகுதான், விரல்கள் போயிருக்கவும் கூடும் என்பது எனக்கு உறைத்தது.

நடந்ததைக் கொஞ்சம் கொஞ்சமாக, பல நாட்களில் கேட்டுத் தெரிந்துகொண்டேன். ஸ்கூட்டர் கொடி நட்ட வழியிலேயே நின்றுவிட்டது. கருவிகளின் பேட்டரிகள் குளிரில் செத்துவிட்டன. நீட்டிய தன் கையே தனக்குத் தெரியவில்லையாம். மேல், கீழ் என்பதே இல்லாமல், பாலுக்குள் நிற்பது போல. கூட வந்தவர் நேராக நடந்துவிடலாம் என்றிருக்கிறார். அவள் விடவில்லை. இருவரும் இடுப்பில் ஒரே கயிற்றைக் கட்டிக்கொண்டார்கள். ஒருவர் கொடிக்கம்பைப் பிடித்துக்கொண்டு நிற்பார். மற்றவர் கயிறு இறுகும் வரை போய், அரைவட்டமாக நடந்து அடுத்த கொடியைத் தேடுவார். கிடைத்தால் இரண்டு இழுப்பு. நிற்பவர் கயிற்றைப் பிடித்தபடி வந்து சேர்வார். மறுபடி அங்கிருந்து.

முந்நூறு கொடி எதற்கு என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. கயிற்றின் நீளத்துக்கு உள்ளேயே அடுத்த கொடி இருக்க வேண்டும் என்று கணக்குப் போட்டு நட்டிருந்தாள். நடும்போது கூட இருந்தவர்கள், "உங்க ஊர்த் திருவிழாவா?" என்று கிண்டல் செய்திருக்கிறார்கள்.

"ரெண்டு கொடிக்கு நடுவுல உலகமே இருக்காதுங்கம்மா. கயித்துல இழுப்பு வந்தா, சரி, இன்னும் உலகம் இருக்குதுன்னு தோணும்."

இதை அவள் பருப்பும் சோறும் பிசைந்தபடி எங்கள் சாப்பாட்டு மேசையில் சொன்னாள். நான் குழம்புக் கரண்டியைப் பிடித்தபடியே நின்றேன். என் வயிற்றில் பிறந்தவள் என்பதை என்னால் அந்த நிமிடம் நம்ப முடியவில்லை. உலகம் அழிந்து போன இடத்தில் நின்று, அவசரப்படாமல், கயிறு இழுக்கும் வரை காத்திருந்தவள். இந்த நிதானத்தை அவளுக்கு நான் கொடுக்கவில்லை. பால் பொங்கினாலே பதறுகிறவள் நான்.

அவள் திரும்பி வந்தபோது ஒரு கொடியைக் கொண்டுவந்திருந்தாள். முகாமின் வாசலுக்கு அருகில், கடைசியாக அவர்கள் கைக்குக் கிடைத்தது. பாதித் துணி இல்லை. காற்று நூல் நூலாகப் பிரித்துத் தின்றிருந்தது. மிச்சம் இருந்த பாதி மட்டும் கம்பை விடாமல் பற்றியிருந்தது. நான் அதை மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தேன். அந்தச் சாயத்தைத் தேர்ந்தெடுத்தது நான்தானே என்று மனதுக்குள் ஒரு சின்னப் பெருமையும் இருந்தது.

"நல்லவேளை கண்ணு, செவப்பு பளிச்சுனு தெரிஞ்சிருக்கும்," என்றேன்.

அவள் மெதுவாகச் சொன்னாள். "இல்லீங்கம்மா. அந்த வெளிச்சத்துல செவப்பே தெரியல. பக்கத்துல போனா ஒரு கறுப்புப் புள்ளி தெரியும். அதத்தான் தேடித் தேடி வந்தோம்."

நான் இயற்பியல் படித்தவள். மங்கிய வெளிச்சத்தில் சிவப்புதான் முதலில் இருளும் என்று பரீட்சையிலேயே எழுதியிருக்கிறேன். நான் வேண்டாம் என்ற நிறம்தான் என் பெண்ணை வீட்டுக்குக் கூட்டிவந்திருக்கிறது.

இந்த வருடமும் போகிறாள். போகாதே என்று சொல்ல ஒரு வாரம் வாய் துறுதுறுத்தது. தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தால் இன்னும் நான் எடுப்பதில்லை, இவர்தான் எடுத்துப் பேசுகிறார். அவளோ கூடத்தில் கயிற்றை அளந்துகொண்டிருந்தாள். போகாதே என்று சொல்லாமல், கொடி வேண்டுமா என்று மட்டும் கேட்டேன். வேண்டும் என்றாள். நிறத்தைப் பற்றி அவள் பேச்சே எடுக்கவில்லை.

காடாவை எடுத்துக்கொண்டு நானும் இவரும் வீரபாண்டிக்குப் போனோம். டையிங்கில், "போன தடவ மாதிரி செவப்புத்தானுங்களே?" என்று கேட்டார்கள். இவர் என் முகத்தைப் பார்த்தார்.

"கறுப்பு," என்றேன். "இருக்கறதுலயே ஆழமான கறுப்பாப் போடுங்க."

சாயம் ஏறிய சாம்பிளை வாங்கிக்கொண்டு திரும்பும் வழியில், சாலை நேராகும் இடத்தில் நான் ஜன்னல் கண்ணாடியை இறக்கினேன். துணியின் ஒரு முனையை இறுகப் பிடித்துக் கையை வெளியே நீட்டினேன்.

"வேகமாப் போங்க," என்றேன் அவரிடம்.

துணி சுருளவில்லை. விறைப்பாக நின்று படபடத்தது.