சோதனைச் சாவடியில் காணாமல் போன பேனா

நான் மேடையில் மேஜிக் செய்கிறவன். பழைய மேஜிக் சாமான்களையும் சேர்க்கிறேன். பொள்ளாச்சியில் வாங்கிய மரப்பெட்டியோடு கோவிந்தாபுரம் செக்போஸ்ட்டில் நின்றேன். திறக்கச் சொன்ன காவலருக்கு, தொழில் பழக்கத்தில், காலிப் பெட்டியை நாலு பக்கமும் திருப்பிக் காட்டினேன். அவருக்கும் உற்சாகம் வந்து, தன் பேனாவை உள்ளே போட்டு மூடினார். திறந்து பார்த்தால் பேனாவைக் காணோம்.

"எப்படீங்க?" என்றார்.

"தொழில் ரகசியமுங்க" என்றேன். எனக்கே தெரியாது என்று எந்த மேஜிக்காரன் சொல்வான்?

வீட்டில் பெட்டியைப் பலகை பலகையாகக் கழற்றினேன். பேனா இல்லை. எரிச்சலோடு அதே மாதிரிப் புதுப் பேனா ஒன்றைக் கடையில் வாங்கி, மறுநாள் அவரிடம் நீட்டினேன்.

"என்னோடதேதானுங்க. நான் கடிச்ச தடம் பாருங்க" என்று மூடியைக் காட்டினார்.

தடம் இருந்தது.