கண்ணி வச்சவன்

எங்க பக்கம் கவுதாரிக்குக் கண்ணி வைப்போம். பொழுது சாயுறதுக்குள்ள வச்சவனே போயி அவுத்துடணும். அரும்பாவூருல எங்க மாமா ஒருத்தரு அவுக்காம விட்டு, அடுத்த வூட்டு ஆட்டுக்குட்டி மாட்டிக்கிச்சு. ஊரே கூடி அவர அடிச்சுது.

என் தம்பி பட்டாளத்துல இருந்தான். சண்டை வரும் வரும்னு எல்லையில வயக்காட்டுலயெல்லாம் கண்ணிவெடி பொதைச்சாங்க. சண்டை வரல. திருப்பி எடுக்கப் போன எடத்துல, நம்மாளுங்க வச்ச வெடியே அவன் காலை வாங்கிடுச்சு.

அப்புறம் பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டுல கொஞ்ச பேரு வெள்ளைத் துணிய விரிச்சு, இந்த வெடியத் தடை பண்ணணும், கையெழுத்துப் போடுங்கன்னாங்க. நான் கட்டைவெரல்ல மை தடவி அமுக்குனேன். துணி டெல்லிக்குப் போவும், கவர்மெண்டும் கையெழுத்துப் போட்டுடும்னு நம்பிட்டேன்.

டீக்கடையில பேப்பர் படிக்கிறவருதான் சொன்னாரு, இந்த வெடிய இனிமே வைக்க மாட்டோம்னு ஒப்பந்தத்துல எத்தனையோ நாடு கையெழுத்துப் போட்டுடுச்சாம், நம்ம நாடு போடலயாம். தம்பிகிட்ட சொன்னேன். கட்டைக்காலக் கழட்டிக்கிட்டே சிரிச்சான்.

"ஏண்ணே, எழுதத் தெரியாத நீயே கைநாட்டு வச்சுட்ட. படிச்சவங்களுக்குக் கையெழுத்துப் போட வரலயாக்கும்?"

எனக்குச் சிரிப்பு வரல. ஆட்டுக்குட்டிக்காவ எங்க மாமாவ ஊரே அடிச்சுது. என் தம்பி காலுக்கு ஒருத்தரும் வந்து பதில் சொல்லல.